கயிற்றை அஞ்சுகிறோம், கம்பியை மறந்துவிடுகிறோம்: மின்தூக்கிகளும் மின்னிணைப்புப் பாதுகாப்பும்

தலைநகர் கொழும்பில், குறிப்பாக வெள்ளவத்தை, பம்பலப்பிட்டி, கொள்ளுப்பிட்டி, தெஹிவளை ஆகிய பகுதிகளில் தொடர்மாடிக் குடியிருப்புகள் பெருகியதை அடுத்து, ஒரு காலத்தில் பெரிய அலுவலகங்களிலும் வைத்தியசாலைகளிலும் மாத்திரம் காணப்பட்ட மின்தூக்கி இன்று எமது குடும்பங்கள் பலவற்றின் அன்றாட வாழ்வில் ஓர் அங்கமாகிவிட்டது. மறுபுறத்தில் வனாத்தமுல்லை, தெமட்டகொடை போன்ற இடங்களில் வருமானம் குறைந்த மக்களுக்கென அமைக்கப்பட்ட உயர்ந்த மாடிகளிலும் இதே நிலைமைதான். கோவிலுக்குப் புறப்படும் மூதாட்டியும், ஜும்ஆவுக்கு விரையும் பெரியவரும், ரியூசனுக்கு ஓடும் பிள்ளைகளும் நாள்தோறும் பலமுறை அந்தச் சிறிய பெட்டிக்குள் நுழைந்து தமது உயிரை அதனிடம் ஒப்படைக்கின்றனர். இவ்வாறு ஒப்படைக்கப்படும் உயிர் எதில் தங்கியிருக்கின்றது என்பது பற்றி நம்மில் பலர் கொண்டிருக்கும் எண்ணம் பெரும்பாலும் தவறானதாகும்.

லிப்ட் என்றதும் பலருடைய மனதில் எழும் அச்சம் கயிறு அறுந்து பெட்டி கீழே விழுந்துவிடுமோ என்பதுதான். திரைப்படங்கள் இந்த அச்சத்தை நன்கு வளர்த்துவிட்டுள்ளன. உண்மையில் ஒரு பெட்டியைத் தாங்குவது ஒரு கயிறன்று. பல உருக்குக் கயிறுகள் சேர்ந்தே அதனைத் தாங்குகின்றன. மூன்று அல்லது அதற்கு மேற்பட்ட கயிறுகளைக் கொண்ட மின்தூக்கியில், அவை தாங்க வேண்டிய சுமையைப் போன்று குறைந்தது 12 மடங்கு சுமைக்கு ஈடுகொடுக்க வேண்டும் என்பது ஐரோப்பிய நியமமாகும். அதற்கும் மேலாக, வேகம் எல்லை கடந்தால் தண்டவாளத்தை இறுகப் பற்றிப் பெட்டியை நிறுத்தும் பொறிமுறை ஒன்றுண்டு. 1854 ஆம் ஆண்டில் எலிஷா ஓட்டிஸ் என்பவர் நியூயோர்க் நகரில் மக்கள் முன்னிலையில் தாம் நின்றிருந்த மேடையின் கயிற்றை வெட்டச் செய்து காட்டியது இத்தகைய பொறிமுறையைத்தான். 1945 ஜூலை 28 ஆம் திகதி எம்பயர் ஸ்டேட் கட்டிடத்தின் மீது குண்டுவீச்சு விமானமொன்று மோதியதால் கயிறுகள் அறுந்து ஒரு பெட்டி சுமார் 75 மாடிகள் கீழே விழுந்ததும், அதிலிருந்த பெண் உயிர் தப்பியதும் வரலாற்றில் மிக அரிதான சம்பவங்களாகும். கயிற்றை அறுப்பதற்கு ஒரு விமானம் தேவைப்பட்டது.

கம்பியைப் பொறுத்தவரை அவ்வாறில்லை. 2011 டிசம்பர் 14 ஆம் திகதி நியூயோர்க் மடிசன் அவெனியூவிலுள்ள அலுவலகக் கட்டிடமொன்றில், பெண்ணொருவர் காலை வேளையில் மின்தூக்கியினுள் காலடி வைத்த கணத்தில், கதவு திறந்திருந்த நிலையிலேயே பெட்டி மேல்நோக்கி விரைந்தது. அவர் பெட்டிக்கும் சுவருக்கும் இடையில் நசுங்குண்டு உயிரிழந்தார். கயிறுகள் அறுந்திருக்கவில்லை. நகர நிர்வாகத்தின் விசாரணைத் திணைக்களம் ஆராய்ந்தபோது வெளிவந்த உண்மை அதிர்ச்சியளிப்பதாகும். திருத்த வேலையில் ஈடுபட்டிருந்த தொழில்நுட்பவியலாளர்கள், கதவின் பாதுகாப்புச் சுற்றைத் தற்காலிகமாகக் கடந்து செல்வதற்காக ஒரு கம்பித் துண்டைப் பொருத்தியிருந்தனர். வேலை முடிந்த பின்னர் அதனைக் கழற்ற மறந்துவிட்டனர். பெட்டியைத் தடுத்து நிறுத்தியிருக்க வேண்டிய சங்கிலியைச் செயலிழக்கச் செய்தது அந்தச் சிறு துண்டுக் கம்பியே.

இந்தச் சங்கிலி எவ்வாறு செயற்படுகின்றது என்பதை விளங்கிக்கொள்வது கடினமன்று. வெசாக் காலத்தில் வீதியோரங்களில் தொங்கவிடப்படும் பழைய வகை மின்குமிழ்ச் சரத்தை நாம் அனைவரும் கண்டிருக்கிறோம். ஒரு குமிழைக் கழற்றினால் சரம் முழுவதும் அணைந்துவிடும். மின்தூக்கியின் பாதுகாப்புச் சுற்றும் இதே தொடர்முறையில்தான் அமைக்கப்படுகின்றது. ஒவ்வொரு மாடியிலுமுள்ள கதவுப் பூட்டின் தொடுகை, பெட்டிக் கதவின் தொடுகை, உச்சியிலும் அடியிலும் உள்ள எல்லை ஆளிகள், வேகக் கட்டுப்பாட்டுக் கருவியின் ஆளி, பெட்டியின் கூரையிலும் அடிக்கிடங்கிலும் உள்ள நிறுத்தற் பொத்தான்கள் ஆகிய அனைத்தும் ஒன்றன்பின் ஒன்றாக ஒரே மின்பாதையில் கோர்க்கப்படுகின்றன. இவற்றில் ஏதேனும் ஒன்று திறந்தாலும் மோட்டரை இயக்கும் மின்காந்த ஆளி விழுந்துவிடும். பிறேக்கும் உடனே இறுகிவிடும். மின்தூக்கியில் பிறேக்கைத் திறந்து வைத்திருப்பதே மின்னோட்டந்தான். மின் நின்றால் சுருள்வில் பிறேக்கை மூடிவிடும். மின் அறுந்தால் ஓடாதிருக்க வேண்டும், ஓடுவதற்கு மின் இருந்தேயாக வேண்டும் என்னும் இந்த ஏற்பாடு மிகவும் புத்திசாலித்தனமானது.

ஆனால் இந்த ஏற்பாடு ஓர் அனுமானத்தின் மீது நிற்கின்றது. பழுது ஏற்படும்போது கம்பி அறுந்து போகும் என்பதே அந்த அனுமானம். கம்பிகள் அறுந்துபோவதோடு மாத்திரம் நின்றுவிடுவதில்லை. அவை ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்வதும் உண்டு. ஒரு கதவுப் பூட்டுக்குச் செல்லும் கம்பியும் அதிலிருந்து திரும்பும் கம்பியும் அருகருகே ஒரே மின்வடத்தினுள் ஓடுகின்றன. அந்த மின்வடம் உலோகத் தகட்டின் கூரிய விளிம்பொன்றில் ஆண்டுக்கணக்காகத் தேய்ந்து, காவலுறை கிழிந்து, உள்ளிருக்கும் இரு செப்புக் கம்பிகளும் ஒன்றையொன்று தொட்டுவிட்டால் என்ன நிகழும்? கதவு திறந்திருந்தாலும் மூடியிருப்பதாகவே இயந்திரம் எண்ணும். மடிசன் அவெனியூவில் மறந்துவிடப்பட்ட கம்பித் துண்டு செய்ததையே, கவனக்குறைவாகக் கொண்டு செல்லப்பட்ட ஒரு மின்வடம் எவருடைய கையும் படாமலேயே செய்து முடித்துவிடும். மின்வடம் எவ்வழியே செல்கிறது, எதன் மீது உரசுகிறது என்னும் கேள்வி உயிர் சம்பந்தப்பட்ட கேள்வியாக மாறுவது இவ்விடத்தில்தான்.

பாதுகாப்புச் சங்கிலியின் மின்வழங்கலில் ஒரு முனை புவித்தொடுப்புச் செய்யப்படுவதற்கும் காரணமுண்டு. சங்கிலியின் கம்பியொன்று சுவரிலுள்ள உலோகத்தில் பட்டுவிட்டால் மின்னோட்டம் புவிக்குப் பாய்ந்து உருகி எரிந்துவிடும். மின்தூக்கி நின்றுவிடும், பழுதும் வெளிப்பட்டுவிடும். இந்தப் புவித்தொடுப்பு இல்லாத இடத்தில் முதலாவது பழுது எவருக்கும் தெரியாமல் உறங்கிக் கிடக்கும். பின்னொரு நாளில் வேறொரு மாடியில் இரண்டாவது பழுது ஏற்படும்போது, மின்னோட்டம் இரு இடங்களுக்கும் இடையிலுள்ள கதவுத் தொடுகைகளைத் தவிர்த்து உலோகச் சட்டத்தின் வழியே குறுக்குப் பாதையில் சென்றுவிடும். உருகி அடிக்கடி எரிகின்றது என்று சலித்துக்கொண்டு அந்தப் புவிக்கம்பியைக் கழற்றிவிடும் 'கெட்டிக்காரர்கள்' இருக்கவே செய்கிறார்கள். உருகி சொல்ல வந்த செய்தியை அவர்கள் கேட்க மறுத்துவிட்டார்கள் என்பதே இதன் பொருள்.

2014 இல் வெளியிடப்பட்ட ஈ.என். 81-20 என்னும் ஐரோப்பிய நியமம் இந்த விடயத்தில் இரு முக்கிய மாற்றங்களைக் கொண்டுவந்தது. கதவுத் தொடுகைகளைத் தற்காலிகமாகக் கடக்க வேண்டிய தேவை பராமரிப்பாளர்களுக்கு உண்மையிலேயே ஏற்படுகின்றது என்பதை ஏற்றுக்கொண்டு, அதற்கென ஓர் ஆளியைக் கட்டுப்பாட்டுப் பெட்டியிலேயே அமைக்கும்படி அது கூறுகின்றது. அந்த ஆளி திருப்பப்பட்டிருக்கும்போது மின்தூக்கி சாதாரணமாக இயங்காது. பரிசோதனை முறையில், ஒலியும் ஒளியும் எழுப்பிக்கொண்டே அது அசையும். இரண்டாவதாக, கதவு திறந்திருக்கும் வேளையில் தொடுகையும் திறந்திருக்கின்றதா என்பதை இயந்திரம் தானாகவே சரிபார்க்க வேண்டும். கம்பித் துண்டு மறந்துவிடப்பட்டிருந்தால் அடுத்த பயணம் ஆரம்பமாகாது. இலங்கைக்கு வரும் மின்தூக்கிகள் ஐரோப்பா, ஜப்பான், சீனா எனப் பல இடங்களிலிருந்தும் இறக்குமதியாகின்றன. சீனாவின் தேசிய நியமமும் ஐரோப்பிய நியமத்தைத் தழுவி எழுந்ததே. ஆகவே புதிய மின்தூக்கி வாங்குபவர்கள் இந்த இரு வசதிகளும் உண்டா என்று வினவுவது மிகையாகாது. பழைய இயந்திரங்களில் இவை இல்லாதிருக்கக்கூடும் என்பதும் கவனத்திற்குரியது.

இனி மின்வடங்கள் செல்லும் வழியைப் பார்ப்போம். பெட்டி ஏறியிறங்கும் செங்குத்து வெளியைப் பிரித்தானிய நியமங்கள் 'கிணறு' என்றே குறிப்பிடுகின்றன. பொருத்தமான பெயர்தான். நாமும் அவ்வாறே அழைப்போம். இந்தக் கிணற்றின் சுவரில் ஒவ்வொரு மாடியின் பூட்டுக்கும் பொத்தானுக்கும் செல்லும் மின்வடங்கள் உலோக டக்டினுள் அல்லது குழாயினுள் செல்ல வேண்டும். பெட்டியோ அதன் எதிர்ப்பாரமோ எந்த நிலையிலும் தொட முடியாத பக்கத்தில் அவை பொருத்தப்பட வேண்டும். டக்டிலிருந்து மின்வடம் வெளியேறும் ஒவ்வொரு துளையின் விளிம்பிலும் இறப்பர் வளையம் இருத்தல் அவசியம். இது மிகவும் மலிவான பொருள். வேலை அவசரத்தில் முதலில் கைவிடப்படுவதும் இதுவேயாகும். மோட்டருக்குச் செல்லும் 400 வோல்ற்று மின்வடமும், தொலைபேசி, அபாயமணி போன்றவற்றுக்கான தாழ்வழுத்தக் கம்பிகளும் ஒரே டக்டில் கலந்து ஓடவிடப்படலாகாது.

அந்தக் கிணறு மின்தூக்கிக்கு மாத்திரமே உரியது என்பது மற்றொரு அடிப்படை விதி. மின்தூக்கியுடன் தொடர்பற்ற எந்தக் குழாயும் எந்த மின்வடமும் அதனுள் இருத்தலாகாது. எமது தொடர்மாடிகளில் மிகச் சாதாரணமாக மீறப்படும் விதி இதுவாகத்தான் இருக்கும். மேல்மாடியிலுள்ள செய்மதித் தொலைக்காட்சி அன்ரனாவிலிருந்து ஐந்தாம் மாடிக்குக் கம்பி இறக்க வேண்டியிருந்தால், சுவரைத் துளைக்காமல் நேராக இறக்கக்கூடிய வழி மின்தூக்கியின் கிணறுதான் என்று அதனைப் பொருத்த வருபவர் கருதுகின்றார். பின்னர் இணையக் கம்பி வருகின்றது, அதன் பின்னர் கண்காணிப்புக் கமெராவின் கம்பி வருகின்றது. நாம் பார்த்த ஒரு கட்டிடத்தில் இவ்வாறான கம்பிகள் கொத்தாகப் பிணைக்கப்பட்டு, பிளாஸ்ரிக் பட்டிகளால் தண்டவாளத்தின் தாங்கியிலேயே கட்டப்பட்டிருந்தன. வெப்பத்திலும் தூசியிலும் அந்தப் பட்டிகள் சில ஆண்டுகளில் நொறுங்கிவிடும். அவிழ்ந்த கம்பி ஏறிவரும் பெட்டியின் விளிம்பில் சிக்குமானால் அது அருகிலுள்ள பூட்டுக் கம்பிகளையும் சேர்த்து இழுத்துக்கொண்டுதான் செல்லும். தீ விபத்து வேளையில் இந்தக் கிணறு புகைபோக்கியாக மாறி எல்லா மாடிகளுக்கும் புகையைக் கொண்டுசெல்லும் என்பதையும் நினைவிற் கொண்டால், அதனுள் எரியக்கூடிய காவலுறைகளைக் குவித்து வைப்பது எத்தகைய செயல் என்பது விளங்கும்.

அசையும் பெட்டிக்கு மின்சாரம் எவ்வாறு செல்கின்றது என்று சிறுவர்கள் கேட்பதுண்டு. பெரியவர்கள் கேட்பதில்லை. பெட்டியின் அடிப்பாகத்திலிருந்து ஒரு தட்டையான மின்வடம் வளைந்து தொங்கி, கிணற்றுச் சுவரின் நடுப்பகுதியில் பொருத்தப்பட்டிருக்கும். பெட்டியின் விளக்கு, மின்விசிறி, பொத்தான்கள், கதவு மோட்டர், அபாயமணி, பாதுகாப்புச் சங்கிலியின் ஒரு பகுதி ஆகிய எல்லாமே இந்த ஒரு தொங்கும் மின்வடத்தினூடாகவே செல்கின்றன. நடு உயரத்தில் பொருத்துவதில் ஓர் அழகான கணக்கு உண்டு. 30 மீற்றர் பயணத் தூரமுள்ள கிணற்றில் இவ்வாறு பொருத்தினால், தொங்கும் பகுதிக்கு 15 மீற்றருடன் வளைவுக்கென ஓரளவு மேலதிக நீளம் போதுமானது. பெட்டி ஒரு மீற்றர் இறங்கும்போது வளைவு அரை மீற்றரே இறங்கும்.

இந்த மின்வடம் படும் பாட்டைச் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும். ஒரு நாளில் 300 தடவை இயங்கும் மின்தூக்கியில், அது ஓராண்டில் ஒரு இலட்சத்துக்கும் அதிகமான தடவைகள் வளைந்து நிமிர்கின்றது. வீட்டுச் சுவரில் பதிக்கப்படும் சாதாரண மின்வடம் இதற்குச் சற்றும் ஈடுகொடுக்காது. மெல்லிய இழைகள் பலவற்றைத் திரித்துச் செய்த, இதற்கெனவே தயாரிக்கப்பட்ட வளையுந்தன்மையுள்ள மின்வடமே பயன்படுத்தப்பட வேண்டும். உயர்ந்த கட்டிடங்களில் அதன் சொந்தப் பாரத்தைத் தாங்குவதற்கு உள்ளே உருக்கு இழைகளும் வைக்கப்படுகின்றன. இரு முனைகளிலும் ஆப்பு வடிவிலான பிடியில் இறுக்கி, பாரம் பிடியில் தங்கும்படியும் மின்தொடுப்பு முனைகளில் சிறிதும் இழுவை ஏற்படாதபடியும் செய்தல் வேண்டும். பொருத்துவதற்கு முன்னர் மின்வடத்தைச் சுதந்திரமாகத் தொங்கவிட்டு அதன் முறுக்கைப் போக்க வேண்டும் என்பது அனுபவமுள்ளவர்கள் தவறாது கடைப்பிடிக்கும் வழக்கம். முறுக்கோடு பொருத்தப்பட்ட மின்வடம் ஒருபக்கமாகத் திரும்பிச் சுவரிலுள்ள தாங்கிகளில் உரசும். பெட்டி மிகக் கீழே, அடிக்கிடங்கிலுள்ள தாங்கு சுருள்வில்லை அழுத்தி நிற்கும் நிலையிலும் வளைவு நிலத்தைத் தொடலாகாது. நடுவில் ஒட்டுப்போடுவது முற்றாகத் தவிர்க்கப்பட வேண்டியது. உள்ளே ஒரு கம்பி அறுந்துபோனால் மேலதிகமாக விடப்பட்டிருக்கும் கம்பியொன்றைப் பயன்படுத்தலாம். மேலதிகக் கம்பிகளும் தீர்ந்துவிட்டால் மின்வடத்தை மாற்றுவதே வழி. கறுப்பு நாடா சுற்றப்பட்ட ஒரு தொங்கும் மின்வடத்தைக் காணும் முகாமைத்துவக் குழு, அந்த மின்தூக்கியை அன்றே நிறுத்திவிடலாம்.

மின்வழங்கலைப் பற்றியும் சில வார்த்தைகள் கூற வேண்டும். ஒவ்வொரு மின்தூக்கிக்கும் தனியான பிரதான ஆளி இருக்க வேண்டும். அதனை நிறுத்திய நிலையில் பூட்டுப்போட முடிய வேண்டும். இல்லையேல் கிணற்றுக்குள் ஒருவர் வேலை செய்துகொண்டிருக்கும்போது, 'யாரோ லிப்ட்டை நிறுத்திவிட்டார்கள்' என்று நல்லெண்ணத்துடன் ஒரு குடியிருப்பாளர் வந்து ஆளியைப் போட்டுவிடுவார். அதேவேளை பெட்டியின் விளக்கு, காற்றோட்ட விசிறி, அபாயமணி, கிணற்று விளக்கு ஆகியவற்றுக்கான மின்பாதை அந்தப் பிரதான ஆளிக்கு முன்னாலேயே பிரிந்து, தனியான ஆளியுடன் வர வேண்டும். இடையில் அகப்பட்டிருக்கும் மனிதர் இருளில் விடப்படாதிருப்பதற்காகவே இந்த ஏற்பாடு. செலவைக் குறைக்கும் பொருட்டு ஒரே மின்வடத்திலிருந்து இரண்டையும் எடுத்துவிடும் பழக்கம் ஆபத்தானது. பெட்டியின் கூரையிலும் அடிக்கிடங்கிலும் உள்ள மின்செருகிகள் 30 மில்லி அம்பியர் கசிவிலேயே துண்டிக்கும் ட்ரிப் ஆளியினால் பாதுகாக்கப்பட வேண்டும். ஈரமான கிடங்கில் உலோகத்தைத் தொட்டபடி வேலை செய்பவருக்கு அதைவிட வேறு துணையில்லை.

தற்காலத்து மின்தூக்கிகளில் மோட்டரின் வேகத்தை மீடிறன் மாற்றி என்னும் மின்னணுக் கருவி கட்டுப்படுத்துகின்றது. பயணம் மென்மையானதற்கும் மின்கட்டணம் குறைந்ததற்கும் காரணம் இதுவே. ஆனால் அதிலிருந்து மோட்டருக்குச் செல்லும் மின்வடம் ஒரு சிறிய வானொலி நிலையத்தைப் போன்று இரைச்சலைப் பரப்பக்கூடியது. உலோக வலையுறையிட்ட மின்வடத்தைப் பயன்படுத்தி, இரு முனைகளிலும் அவ்வுறையைப் புவித்தொடுப்புச் செய்து, சமிக்ஞைக் கம்பிகளிலிருந்து விலக்கிக் கொண்டு செல்லாவிடின், பொத்தானை எவரும் அழுத்தாமலேயே பெட்டி ஏழாம் மாடிக்குச் சென்று கதவைத் திறந்து காத்திருக்கும். இதனைப் பேயின் வேலை என்று சொல்லி எலுமிச்சம்பழம் கட்டிய கட்டிடங்களும் உண்டு. விடயம் சிரிப்போடு முடிந்துவிடுவதில்லை. காரணமின்றி நடுவழியில் நின்றுவிடும் மின்தூக்கியைப் பற்றிக் குடியிருப்பாளர்கள் முறையிட, பழுதைக் கண்டுபிடிக்க இயலாத பராமரிப்பாளர் ஏதோவொரு தொடுகையைக் கம்பித் துண்டால் இணைத்துவிட்டுப் 'பிரச்சினை தீர்ந்துவிட்டது' என்று கூறிச் செல்கின்றார். தவறான வழியில் சென்ற ஒரு மின்வடம் மடிசன் அவெனியூவின் கதையை இவ்வாறுதான் எமது வாசலுக்குக் கொண்டுவருகின்றது.

மின்வெட்டு எமக்குப் புதிதன்று. 2022 மார்ச் மாத இறுதியில் நாளொன்றுக்கு 13 மணித்தியாலங்கள் வரை மின்சாரம் துண்டிக்கப்பட்டது. 2025 பெப்ரவரி 9 ஆம் திகதி பாணந்துறை உபமின்நிலையத்தில் ஒரு குரங்கு புகுந்ததால் நாடே இருளில் மூழ்கியதாக அமைச்சர் விளக்கமளித்தார். இத்தகைய அனுபவங்களின் பயனாக, மின் நின்றதும் மின்கலத்தின் உதவியோடு பெட்டியை அடுத்த மாடிக்கு நகர்த்திக் கதவைத் திறந்துவிடும் மீட்புக் கருவியைப் பலர் பொருத்திக்கொண்டுள்ளனர். வரவேற்கத்தக்க விடயமே. எனினும் பிரதான ஆளியை ஒருவர் வேண்டுமென்றே நிறுத்தினாரா அல்லது மின்சாரம் தானாக நின்றதா என்பதை அந்தக் கருவி அறிந்திருக்க வேண்டும். அதற்கென ஆளியிலிருந்து ஒரு சமிக்ஞைக் கம்பி கருவிக்குச் செல்ல வேண்டும். பின்னாளில் தனியாக வாங்கிப் பொருத்தப்படும் கருவிகளில் இந்தக் கம்பி விடுபட்டுப்போக இடமுண்டு. அவ்வாறு விடுபட்டால், மின்சாரத்தை நிறுத்திவிட்டோம் என்ற நம்பிக்கையில் வேலை ஆரம்பிக்கும் மனிதரின் அருகில் பெட்டி தானாக அசையத் தொடங்கும்.

மின்பிறப்பாக்கி வைத்திருக்கும் கட்டிடங்கள் அறிந்துகொள்ள வேண்டிய சம்பவம் ஒன்று அமெரிக்காவின் பிலடெல்பியா நகரில் நிகழ்ந்தது. 1991 பெப்ரவரி 23 ஆம் திகதி இரவு, 38 மாடிகளைக் கொண்ட வன் மெரிடியன் பிளாசா கட்டிடத்தின் 22 ஆம் மாடியில் தீ மூண்டது. மரப்பலகைகளை மெருகூட்டியவர்கள் விட்டுச்சென்ற, ஆளிவிதை எண்ணெய் தோய்ந்த துணிகளே அதற்குக் காரணமாயின. கட்டிடத்துக்கு ஒன்றுக்கு ஒன்று மாற்றாக இரு மின்வழங்கல் வழிகள் இருந்தன. ஆனால் அவ்விரண்டின் மின்வடங்களும் தீத்தடுப்புப் பிரிசுவர் எதுவுமின்றி ஒரே அடைப்புக்குள் ஏறிச்சென்றன. தீயின் வெப்பத்தில் இரண்டும் ஒருங்கே குறுஞ்சுற்றாகின. அவசர மின்பிறப்பாக்கியும் கைகொடுக்கவில்லை. மின்தூக்கிகள் நின்றன, விளக்குகள் அணைந்தன. தீயணைப்பு வீரர்கள் தமது கருவிகளைச் சுமந்துகொண்டு இருளில் படியேற வேண்டியதாயிற்று. மூன்று வீரர்கள் உயிரிழந்தனர். 18 மணித்தியாலங்களுக்கும் மேலாக எரிந்த தீ, தானியங்கி நீர்த்தெளிப்பான்கள் பொருத்தப்பட்டிருந்த 30 ஆம் மாடியை அடைந்த பின்னரே அடங்கியது. இரண்டு வழங்கல்களுக்குப் பணம் செலவழித்தவர்கள், அவற்றுக்கு இரண்டு வழிகளை ஒதுக்கத் தவறிவிட்டார்கள்.

கொழும்பின் பல தொடர்மாடிகளில் மின்பிறப்பாக்கி உண்டு என்பது விளம்பரத்தில் பெரிதாக இடம்பெறுகின்றது. அதிலிருந்து மின்தூக்கிக்குச் செல்லும் மின்வடம் மின்சார சபையின் இணைப்பிலிருந்து வரும் மின்வடத்துடன் ஒரே டக்டில் ஏறுகின்றதா, தீயைத் தாங்கும் வகையைச் சேர்ந்ததா என்று வீடு வாங்கும்போது எவர் கேட்கின்றார்? கட்டிடம் எழும்பும் காலத்தில் இரண்டாவது வழியொன்றை விடுவது சில சுவர்த்துளைகளோடு முடிந்துவிடும் காரியம். கட்டி முடிந்த பின்னர் அது ஏறத்தாழ இயலாத காரியமாகிவிடும்.

எமது சூழலுக்கே உரிய இரு எதிரிகளையும் குறிப்பிடாதிருக்க இயலாது. ஒன்று நீர். 2016 மே மாத வெள்ளத்தில் கொலன்னாவை, களனி உள்ளிட்ட பகுதிகள் நாட்கணக்காக நீரில் கிடந்தன. கட்டிடத்தில் தாழ்ந்த இடம் மின்தூக்கியின் அடிக்கிடங்கே என்பதால் நீர் முதலில் புகுவதும் அங்கேதான். கிடங்கினுள் மின்வடங்கள் மேலிருந்து கீழாக இறங்கி ஆளிகளைச் சென்றடைய வேண்டும். இணைப்புப் பெட்டிகளைத் தரையோடு ஒட்டி வைத்தலாகாது. வெள்ள எச்சரிக்கை விடுக்கப்பட்டதும் பெட்டியை மேல்மாடியொன்றுக்குக் கொண்டுசென்று நிறுத்தி, மின்சாரத்தைத் துண்டித்துவிட வேண்டும். நீர் வடிந்த பின்னர் காவலுறைத் தடையை அளந்து பார்க்காமல் மீண்டும் இயக்குவது கூடாது. மற்றையது உப்புக்காற்று. கடற்கரையோரக் கட்டிடங்களில் புவித்தொடுப்பு முனைகளில் பச்சை நிறம் படர்வதையும், நாகம் பூசிய டக்டுகள் துருவேறி அவற்றின் விளிம்புகள் கத்தி போலாவதையும் காணலாம். எலிகளைப் பற்றிக் கொழும்பு வாசிகளுக்கு நாம் எடுத்துக்கூற வேண்டியதில்லை.

இன்று யாழ்ப்பாணம், மட்டக்களப்பு, காத்தான்குடி, கல்முனை, அக்கரைப்பற்று போன்ற நகரங்களிலும் நான்கு, ஐந்து மாடிகளைக் கொண்ட வர்த்தகக் கட்டிடங்களும் தனியார் வைத்தியசாலைகளும் மின்தூக்கிகளுடன் எழுகின்றன. வயதான பெற்றோருக்காக வீட்டினுள்ளேயே சிறிய மின்தூக்கியைப் பொருத்துவோரும் உள்ளனர். பழுது ஏற்படும்போது தொழில்நுட்பவியலாளர் கொழும்பிலிருந்து வந்து சேர ஓரிரு நாட்கள் செல்லலாம். அதற்கிடையில் ஊரிலுள்ள வயரிங் வேலை செய்பவரை அழைத்து 'எப்படியாவது ஓடவிடுங்கள்' என்று கேட்கும் நிலை ஏற்படுகின்றது. அவர் தமது தொழிலில் வல்லவராக இருக்கலாம். வீட்டு மின்னிணைப்பில் அறுந்ததை இணைப்பது திருத்தம். பாதுகாப்புச் சங்கிலியில் திறந்திருக்கும் தொடுகையை இணைப்பதோ எச்சரிக்கையை அடைத்துவிடுவதாகும். இரண்டும் ஒரே கம்பி, ஒரே குறடு, ஒரே நிமிட வேலை என்பதால்தான் தவறு நேர்கின்றது. பழுதுபார்ப்பவர் வரும்வரை படியேறும்படி கேட்டுக்கொள்வது சங்கடமானதுதான். முதியோரும் நோயாளரும் உள்ள கட்டிடங்களில் அது பெருஞ்சிரமம் என்பதையும் நாம் மறுக்கவில்லை. அதனாலேயே உடனடிச் சேவைக்கான ஒப்பந்தம் மின்தூக்கியை வாங்கும்போதே செய்யப்பட வேண்டும், விலையை மாத்திரம் பேசி முடித்த பின்னரல்ல.

அந்த ஒப்பந்தத்தோடு மற்றொன்றையும் கேட்டுப் பெற்றுக்கொள்ள வேண்டும். மின்தூக்கியின் முழுமையான மின்சுற்று வரைபடமே அது. எந்த இலக்கமுள்ள கம்பி எந்த மாடியின் பூட்டுக்குச் செல்கின்றது, எங்கே இணைப்புப் பெட்டி உண்டு, எந்தக் கம்பிகள் மேலதிகமாக விடப்பட்டுள்ளன என்பன அதில் குறிக்கப்பட்டிருக்கும். பின்னர் செய்யப்படும் ஒவ்வொரு மாற்றமும் திகதியுடன் அதில் எழுதப்பட வேண்டும். பல கட்டிடங்களில் இது விற்பனை நிறுவனத்தின் அலுமாரியிலேயே தங்கிவிடுகின்றது. பராமரிப்பு நிறுவனம் மாறும்போது புதியவர் ஊகத்தின் பேரில் வேலை செய்கின்றார். அடுத்த முகாமைத்துவக் குழுக் கூட்டத்தில் எமது வாசகர்கள் எழுப்பக்கூடிய கேள்விகள் இரண்டு: வரைபடம் எங்கே இருக்கின்றது? இறுதியாகக் கிணற்றுக்குள் இறங்கி, தொங்கும் மின்வடத்தை முழு நீளத்துக்கும் பார்வையிட்டவர் யார், எந்தத் திகதியில்?